காற்றைக் கட்டிவைக்கும் தொழில்

விழிஞ்ஞத்தில் கோட்டைகள் எழுந்ததும் விழுந்ததும் பழைய செய்தி. பாண்டியர் செப்பேடும் ஜெயங்கொண்டாரின் கலிங்கத்துப்பரணியும் பேசும் விழிஞம் இதுதான். பாண்டியனும் சோழனும் மாறி மாறிப் படையெடுத்து வந்த அந்தத் துறைமுகத்தில், 8ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த ஒரு சிறிய குடைவரைக் கோயிலைத் தவிர, அந்தக் காலத்தைச் சொல்ல இன்று அதிகம் எதுவும் மிஞ்சவில்லை. இப்போது அங்கே எழும்பக்கூடிய கோட்டைக்கு வயது ஆறு மணி நேரம். பிறந்தநாள் விழா முடிந்ததும் மோட்டாரை நிறுத்தினால் கோபுரம் தலை கவிழ்ந்து, சுவர் மடிந்து, சில நிமிடங்களில் ஒரு பெட்டி ஆட்டோவின் பின்பக்கம் ஏறிவிடும்.

வாடகைக்கு விடுபவர்கள் இதை பவுன்ஸி என்கிறார்கள். தமிழ்நாட்டுப் பொருட்காட்சிகளில் ஜம்பிங் பலூன் என்று சொன்னால் புரியும். தமிழில் பொருத்தமான ஒற்றைச் சொல் இன்னும் அமையவில்லை. பலூன் கோட்டை என்று வைத்துக்கொள்வதில் தவறில்லை. ஆனால் இது பலூன் அல்ல. பலூனுக்குள் காற்றை அடைத்து வாயைக் கட்டிவிடுகிறார்கள். இந்தக் கோட்டையின் தையல் துளைகள் வழியாகக் காற்று வெளியேறிக்கொண்டே இருக்கும். ஒரு குதிரைசக்தியோ ஒன்றரை குதிரைசக்தியோ உள்ள காற்றூதி அதை நிரப்பிக்கொண்டே இருக்க வேண்டும். காற்றூதி நின்றால் கோட்டை விழும். அதாவது, மின்சார வாரியத்தின் நல்லெண்ணத்தின் மீது நிற்கும் கோட்டை.

இந்த வேடிக்கையைத் தொடங்கிவைத்தவர் அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தில் ஷ்ரீவ்போர்ட் நகரத்துப் பொறியாளர் ஜான் ஸ்கர்லாக். 1950களின் இறுதியில் டென்னிஸ் மைதானங்களை மூடுவதற்கு ஊதி நிரப்பும் உறை ஒன்றைச் செய்துகொண்டிருந்தார். அவரிடம் வேலை பார்த்தவர்கள் அதன் மீது ஏறிக் குதிப்பதைக் கண்டதும் டென்னிஸை மறந்தார். முதலில் வந்தது சுவர்களே இல்லாத வெறும் காற்று மெத்தைதான். சுவர், கூரை, கோபுரம் எல்லாம் பின்னால் சேர்ந்தவை. தீயணைப்புத் துறையினர் மாடியிலிருந்து குதிப்பவர்களைத் தாங்கப் பயன்படுத்தும் காற்று மெத்தையும் அவர் கைவண்ணம்தான் என்பது பலருக்குத் தெரியாது.

விழிஞ்ஞம் போன்ற ஓர் ஊரில் இது தொழிலாக நிற்குமா என்பதுதான் கேள்வி. மேலோட்டமாகப் பார்த்தால் நிற்காமல் என்ன என்று தோன்றும். 2010இல் திருவனந்தபுரம் மாநகராட்சியோடு இணைந்த பகுதி. மூன்று கிலோமீட்டரில் கோவளம். 2024 ஜூலையில் முதல் தாய்க்கப்பல் வந்து சேர்ந்து, அதே ஆண்டு டிசம்பரில் வணிகரீதியாக இயங்கத் தொடங்கி, 2025 மே 2 அன்று பிரதமர் நாட்டுக்கு அர்ப்பணித்த பெரிய துறைமுகம். வளைகுடாவில் ஒரு காலும் ஊரில் ஒரு காலுமாக வாழும் குடும்பங்கள். தேவாலயத் திருவிழாக்கள், பீமாப்பள்ளி உரூஸ், ஓணம். குழந்தைகளுக்குப் பஞ்சமில்லை, கொண்டாட்டத்துக்கும் பஞ்சமில்லை.

பஞ்சம் நாட்காட்டியில் இருக்கிறது. விழிஞ்ஞம் துறைமுகத்துக்கு உச்ச காலம் தென்மேற்குப் பருவமழை. மற்றக் கடற்கரைகளில் அலை பொங்கிப் படகு இறக்க முடியாதபோது, பாறைகளும் அலைதடுப்புச் சுவர்களும் காக்கும் விழிஞ்ஞத்தில் இறக்கலாம். அதனால் ஜூனிலிருந்து ஆகஸ்ட் வரை அக்கம்பக்கத்துக் கடலோர ஊர்களின் வள்ளங்களெல்லாம் இங்கே வந்து குவியும். கையில் பணம் புரளும் மாதங்கள் அவை. வளைகுடாவில் பள்ளிகளுக்குக் கோடை விடுமுறை விடுவதும் ஜூலை, ஆகஸ்டில். ஓணம் வருவது ஆகஸ்டிலோ செப்டம்பரிலோ. ஆக, செலவழிக்கத் தயாராக இருக்கும் மூன்று கூட்டமும் மழையோடு மழையாக வந்து சேர்கிறது. திறந்த வெளியில் பலூன் கோட்டையை விரிக்க முடியாத மாதங்களும் அவைதான்.

இடவப்பாதி மழை ஓய்ந்து மூச்சுவிடுவதற்குள் துலாவர்ஷம். நவம்பரில் வெட்டுகாடு கிறிஸ்து ராஜா திருவிழாவுக்குக் கூட்டம் அலைமோதும். வானம் எப்படி இருக்கும் என்று யாரும் உறுதி தர முடியாது. டிசம்பரிலிருந்து மார்ச் வரைதான் நல்ல காலம். ஏப்ரல், மே பள்ளி விடுமுறை என்றாலும் மாலை நேரத்து இடிமழை காத்திருக்கும். பகலில் வெயில் இன்னொரு எதிரி. பிளாஸ்டிக் துணி நண்பகலில் குழந்தைகளின் பாதங்களைச் சுடும். வெயில் கடுமையான மாதங்களில் 12 மணி முதல் 3 மணி வரை வெயிலில் வேலை வாங்கக் கூடாது என்று கேரளத் தொழிலாளர் துறை ஆண்டுதோறும் ஆணையிடுகிறது. கூலிக்காரருக்கு ஆகாத வெயிலில் ஐந்து வயதுக் குழந்தையைக் குதிக்கவிடுவது எப்படி நியாயம்?

எஞ்சியிருப்பது மாலை. அங்கேதான் கடற்கரைத் தொழிலின் சிக்கல் தொடங்குகிறது. பிறந்தநாள் விழாக்கள் நான்கு மணியிலிருந்து ஏழு மணி வரை நடக்கும். கடற்காற்று வலுப்பதும் பிற்பகலில்தான்.

காற்றைப் பற்றி விழிஞ்ஞத்துக்கு யாரும் பாடம் சொல்ல வேண்டியதில்லை. 2017 நவம்பர் 29 அன்று வழக்கம்போல் கடலுக்குப் போனவர்கள் மறுநாள் ஒக்கியின் நடுவில் இருந்தார்கள். புயல் என்று அறிவிக்கப்பட்டபோது படகுகள் ஏற்கெனவே கரை தெரியாத தொலைவில். பூந்துறையிலும் விழிஞ்ஞத்திலும் பெண்கள் கரையில் நாட்கணக்கில் காத்துக் கிடந்தார்கள். கேரளத்தில் மட்டும் நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் திரும்பவே இல்லை. கன்னியாகுமரி மாவட்டத்தின் இழப்பு அதற்குக் குறைந்ததல்ல. எச்சரிக்கை என்பது உரிய நேரத்தில் வந்தால்தான் எச்சரிக்கை என்பதை அந்த ஊர் மிக அதிக விலை கொடுத்துத் தெரிந்துகொண்டது. அதே ஊரில் பிளாஸ்டிக் கோட்டைக்குள் இருபது குழந்தைகளை அடைத்துவிட்டு, "கொஞ்சம் காத்துதானே" என்று ஒருவர் சொல்லிவிட முடியாது.

சொல்லிவிட்ட இடங்களில் நடந்தது தெரிந்ததே. 2016 மார்ச்சில் இங்கிலாந்தின் ஹார்லோ நகரப் பூங்காவில் பலத்த காற்று ஒரு பலூன் கோட்டையைப் பெயர்த்துக்கொண்டு போனது. உள்ளே இருந்த ஏழு வயதுச் சிறுமி இறந்தாள். அதை நடத்திய இருவருக்கும் 2018இல் மூன்றாண்டுச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. 2021 டிசம்பர் 16 அன்று ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியா தீவில் டெவன்போர்ட் நகரத் தொடக்கப் பள்ளி ஒன்றில் ஆண்டிறுதிக் கொண்டாட்டம். திடீரென்று எழுந்த புழுதிச் சுழல் கோட்டையைத் தூக்கியது. ஆறு குழந்தைகள் போய்விட்டார்கள். எட்டுக் கட்டுமுனைகளில் நான்கில் மட்டும்தான் முளை அடிக்கப்பட்டிருந்தது என்று அரசுத் தரப்பு வழக்குத் தொடுத்தது. 2025 ஜூனில் தீர்ப்பு வந்தது. அந்தச் சுழலை யாராலும் எதிர்பார்த்திருக்க முடியாது என்று கூறி, நடத்தியவரை நீதிமன்றம் விடுவித்தது. சட்டம் அங்கே முடிந்துவிட்டது. தொழில் செய்பவரின் மனம் அங்கே முடியுமா என்பது வேறு விஷயம்.

அமெரிக்காவின் ஜார்ஜியா பல்கலைக்கழக வானிலை ஆய்வாளர்கள் 2000 முதல் 2021 வரை உலகெங்கும் காற்றால் நேர்ந்த இத்தகைய விபத்துகளைத் தேடித் தொகுத்தார்கள். 132 விபத்துகள் கிடைத்தன. குறைந்தது 479 பேருக்குக் காயம், 28 மரணங்கள். இவற்றில் புயலும் இடியும் மட்டும் இல்லை, வானம் தெளிவாக இருந்த நாட்களும் அடக்கம். மேகத்தைப் பார்த்துக் கோட்டையைப் பிரித்துவிடுவேன் என்பவருக்கு இது கசப்பான செய்தி.

காற்றின் கணக்கு எளிமையானது. எளிமையானது என்பதால்தான் யாரும் போட்டுப் பார்ப்பதில்லையோ என்னவோ. நான்கு மீட்டர் அகலம், மூன்று மீட்டர் உயரமுள்ள ஒரு சுவர். மணிக்கு 38 கிலோமீட்டர் வேகக் காற்று அதைத் தோராயமாக 80 கிலோ எடைக்குச் சமமான விசையோடு தள்ளும். அந்த அளவுக் கோட்டையின் எடையே ஏறத்தாழ அவ்வளவுதான் இருக்கும். காற்று 54 கிலோமீட்டரானால் விசை 165 கிலோ. வேகம் இரட்டித்தால் விசை நான்கு மடங்கு. இது பக்கவாட்டுத் தள்ளல் மட்டும். அடியில் காற்று புகுந்து தூக்குவது தனி. இந்தக் காரணத்தால்தான் ஐரோப்பியத் தரநிர்ணயம் 38 கிலோமீட்டரை எல்லையாக வைத்திருக்கிறது. குறைந்தது ஆறு கட்டுமுனைகள் வேண்டும், ஒவ்வொன்றும் 1,600 நியூட்டன் விசையை, அதாவது 163 கிலோவைத் தாங்க வேண்டும், இரும்பு முளை 38 சென்டிமீட்டர் நீளமும் 16 மில்லிமீட்டர் கனமும் இருக்க வேண்டும் என்கிறது அது.

ஆனால் அந்த முளை ஐரோப்பியப் புல்வெளிக்கு எழுதப்பட்டது. கோவளத்து மணலில் அடித்தால் குழந்தை இழுத்தாலே கையோடு வந்துவிடும். இங்கே எடை வைத்துத்தான் கட்ட வேண்டும். ஒரு முனைக்கு ஒரு மணல் மூட்டை என்பது பொதுவாகக் காணும் காட்சி. 25 கிலோ மூட்டை என்றால் ஒரு முனைக்கு ஏழு மூட்டை வேண்டும், ஆறு முனைக்கு நாற்பத்திரண்டு. ஒரு டன்னுக்கு மேல் மணல். இதை யார் சுமப்பது? அதைவிட, மீன் கொட்டும் இடங்களிலும் கட்டட வேலை நடக்கும் இடங்களிலும் கிடக்கும் 200 லிட்டர் நீல டிரம்கள் உசத்தி. வெறும் டிரம்களாகக் கொண்டுவந்து இடத்தில் தண்ணீர் நிரப்பினால் ஒவ்வொன்றும் 200 கிலோ. குடிநீர் வீணாகிறது என்று சங்கடப்பட வேண்டாம். கடல் பக்கத்திலேயே இருக்கிறது. டிரம் நகர்ந்துவிடாதபடி அடியைப் பாதி புதைக்க வேண்டும், கயிறு டிரம்மின் கழுத்தில் வழுக்காமல் இறுக வேண்டும்.

முடிச்சும் கயிறும் நங்கூரமும் விழிஞ்ஞத்துக்காரர்களுக்குக் கைவந்த கலை. கம்பவலை என்று இங்கே அழைக்கப்படும் கரைவலையை இழுப்பவர்களுக்கு, மணலில் எது பிடிக்கும் எது பிடிக்காது என்பது காலுக்கே தெரியும். மூட்டையையோ கட்டையையோ ஆழக் குழி வெட்டிப் புதைத்து அதில் கயிற்றைக் கட்டினால், மேலே வைத்த எடையைவிடப் பல மடங்கு பிடிக்கும் என்பது அவர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. நகரத்திலிருந்து வரும் வாடகைக்காரர் இரண்டு பையன்களைக் கூடவே அழைத்து வருவதை விட்டுவிட்டு, கரையிலேயே இரண்டு பேரை வேலைக்கு வைத்துக்கொண்டால், கோட்டை நிற்கும். கூலியும் ஊரில் தங்கும். பெரிய துறைமுகத்துக்கு எதிராக 2022இல் மாதக்கணக்கில் போராடிய கரை இது. கரை அரிப்பும் மீன்பிடி இடங்கள் சுருங்குவதும்தான் அவர்கள் சொன்ன குறைகள். புதிதாக வரும் எந்தத் தொழிலையும், அது பலூன் தொழிலே ஆனாலும், நமக்கு இதில் என்ன என்று அந்தக் கரை கேட்பதில் ஆச்சரியம் இல்லை.

காற்றை அளக்கக் கையடக்கமான கருவி சில ஆயிரம் ரூபாய்க்குக் கிடைக்கிறது. அது இல்லாதவருக்கும் வழி உண்டு. வானிலை ஆய்வு மையம் இடிமழை எச்சரிக்கையில் 30 முதல் 40 கிலோமீட்டர் என்றும், 40 முதல் 50 கிலோமீட்டர் என்றும் காற்றின் வேகத்தைச் சொல்கிறது. எல்லை 38. அந்த வாசகம் வானொலியில் கேட்ட நாளில் கோட்டையை வெளியே விரிக்காமல் இருப்பதே வழி. கடற்கரையிலேயே விரிப்பவருக்கு இன்னொரு எச்சரிக்கையும் உண்டு: கள்ளக்கடல். தொலைதூரத் தெற்குக் கடலில் கிளம்பும் பேரலைகள், இங்கே காற்றோ மழையோ இல்லாத நாளில் சத்தமில்லாமல் கரையேறும். மீனவர்கள் வைத்த இந்தப் பெயரை உலக ஆய்வாளர்களும் அப்படியே எடுத்துக்கொண்டுவிட்டார்கள். ஹைதராபாதில் உள்ள இந்தியக் கடல்சார் தகவல் சேவை மையம் இதற்கு முன்னறிவிப்புத் தருகிறது. 2024 மார்ச் 31 அன்று, ஞாயிறும் ஈஸ்டருமாக இருந்த நாளில், திருவனந்தபுரம் கரையோர வீடுகளுக்குள் கடல் புகுந்தது இப்படித்தான். ஈஸ்டர் விருந்துக்கு மணலில் கோட்டை கட்டியவர் யாராவது இருந்திருந்தால், காற்றூதியை உப்புத் தண்ணீரில் தேடியிருக்க வேண்டும்.

கடலோடு விளையாடிய கேளிக்கைகளின் கதியை அதே மாவட்டத்தின் வடகோடியில் பார்க்கலாம். வர்க்கலை பாபநாசம் கடற்கரையில் 2023 கிறிஸ்துமஸ் அன்று மிதவைப் பாலம் ஒன்று கோலாகலமாகத் திறக்கப்பட்டது. பிளாஸ்டிக் மிதவைகளை இணைத்து, 100 மீட்டர் நீளத்துக்கு அலை மீது நடந்து போகலாம் என்று ஏற்பாடு. மூன்று மாதம்கூட ஆகவில்லை. 2024 மார்ச் 9, சனிக்கிழமை மாலை. பெரிய அலை ஒன்றில் பாலம் புரள, கைப்பிடி சரிந்து பலர் கடலில் விழுந்தார்கள். பதினைந்து பேர் அளவில் காயம். உயிர்க்கவசம் அணிந்திருந்ததால் உயிர் பிழைத்தார்கள். அரசுச் சுற்றுலா அமைப்புகளின் ஆதரவு பெற்ற திட்டத்துக்கே இந்த நிலை. விழிஞ்ஞம் கடலே 1991இல் இந்தப் பாடத்தைச் சென்னை ஐஐடிக்கு நடத்தியிருக்கிறது. அலையிலிருந்து மின்சாரம் எடுக்க அங்கே நிறுவப்பட்ட 150 கிலோவாட் சோதனை நிலையம் உலகம் திரும்பிப் பார்த்த முயற்சி. பின்னர் அது கைவிடப்பட்டது.

இனி ரூபாய்க் கணக்கு. இது ஓர் உதாரணம்தான். ஊருக்கு ஊர் மாறும். கோட்டையும் காற்றூதியும் சேர்த்து ரூ. 1.5 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். முத்ரா கடனில் கிஷோர் பிரிவில் ரூ. 5 லட்சம் வரை வாங்கலாம் என்பதால் வங்கியை அணுகுகிறார் ஒருவர். 11 சதவீத வட்டி, மூன்று வருடத் தவணை என்றால் மாதம் ரூ. 4,900, வருடத்துக்கு ஏறத்தாழ ரூ. 59,000. ஒரு நாள் வாடகை ரூ. 4,000. இதில் பெட்டி ஆட்டோ போக வர ரூ. 1,000. ஆள் இரண்டு பேர், தலைக்கு ரூ. 700, அதில் ஒருவர் முதலாளியே. மின்சாரமோ டீசலோ ரூ. 300. கழுவித் துடைக்க ரூ. 100. மிச்சம் ரூ. 1,200. வருடத்தில் அறுபது நாள் வேலை கிடைத்தால் ரூ. 72,000. தவணை போக ரூ. 13,000. தைப்பதும் ஒட்டுவதும் காற்றூதி பழுதும் ரூ. 10,000 தின்றால் கையில் நிற்பது ரூ. 3,000.

அறுபது நாள் ஓடி உழைத்து மூவாயிரம். மூன்று வருடம் கழித்துக் கடன் தீரும்போது கோட்டையின் ஆயுளும் தீர்ந்திருக்கும். கடலோரத்தில் உப்புக்காற்று காற்றூதியின் உட்புறத்தைத் தின்னும், வளையங்களைத் துருவாக்கும். மணல் துகள் மடிப்புகளில் உட்கார்ந்துகொண்டு பிளாஸ்டிக்கை அரைக்கும். ஈரத்தோடு மடித்துவைத்தால் பூஞ்சை பிடித்துக் கறுப்புப் புள்ளி விழும். அந்த வாடையை எந்த சோப்பாலும் போக்க முடியாது. எல்லாவற்றுக்கும் மேலே எலி. மழைக்காலம் முழுக்கக் கொட்டகையில் சுருட்டிவைத்த கோட்டையை டிசம்பரில் விரித்துப் பார்க்கும்போது, ஒரே கடி எட்டு மடிப்பிலும் எட்டு ஓட்டையாகத் தெரியும். மாதம் ஒரு முறை விரித்துக் காற்றூதி, வெயில் காட்டி, மடிப்பு மாற்றிச் சுருட்டுவதைத் தவிர வேறு மருந்து கிடையாது.

அதே கணக்கை வாடகை ரூ. 5,500 என்று போட்டுப் பார்க்கலாம். டிரம்களைக் கொண்டுவர ஆட்டோவுக்கு இரண்டாவது நடை ரூ. 600 சேர்த்த பிறகும் நாளுக்கு ரூ. 2,100 மிஞ்சும். அறுபது நாளில் ரூ. 1,26,000. தவணையும் பழுதும் போக, பொதுப் பொறுப்புக் காப்பீட்டுக்கு ரூ. 10,000 ஒதுக்கினால் மிச்சம் ரூ. 47,000. முதலாளி தன் கூலியாக எடுத்துக்கொண்ட ரூ. 42,000 வேறு. பணக்காரர் ஆக முடியாது. ஆனால் அடுத்த கோட்டைக்குக் கொஞ்சம் சேர்த்துவைக்கலாம்.

இந்த இரண்டு கணக்கின் நடுவில்தான் குழந்தைகளின் எலும்பு இருக்கிறது. போட்டிக்காரர் ஒருவர் ரூ. 3,000க்கு வருகிறேன் என்பார். அவருக்கு மிஞ்சுவது ரூ. 200. அதைக் கூட்ட அவர் எதைக் குறைப்பார்? டீசலைக் குறைக்க முடியாது, கோட்டை விழுந்துவிடும். ஆட்டோவைக் குறைக்க முடியாது. குறையக்கூடியவை இரண்டே: காவலுக்கு நிற்கும் இரண்டாவது ஆளும், காற்றுக்கு எதிரான எடையும். இரண்டும் இல்லாவிட்டாலும் பத்தில் ஒன்பது நாள் எதுவும் நடக்காது என்பதுதான் இந்தத் தொழிலின் சாபம்.

காவல் ஆள் என்றால் நாற்காலியில் உட்கார்ந்து செல்போன் பார்ப்பவர் அல்ல. அமெரிக்காவில் 1990 முதல் 2010 வரையிலான மருத்துவமனைப் பதிவுகளை வைத்துச் செய்த ஆய்வொன்றில், இத்தகைய கோட்டைகளில் காயமுற்ற குழந்தைகள் 64,000க்கு மேல் என்று மதிப்பிடப்பட்டது. 2010இல் நாளொன்றுக்கு முப்பதுக்கும் அதிகம். இதில் காற்று தூக்கியது அபூர்வம். பெரும்பாலும் விழுவதும், ஒருவர் மேல் ஒருவர் மோதுவதும்தான். கால் முறிவும் கை முறிவும் சகஜம். நான்கு வயதும் பன்னிரண்டு வயதும் ஒன்றாகக் குதித்தால் சின்னதுதான் உடையும். உயரத்தைப் பார்த்துத் தனித்தனிக் குழுவாக, நான்கு மீட்டர் கோட்டையில் ஆறேழு பேருக்கு மேல் போகாமல் ஏற்றி இறக்குவதற்கு ஓர் ஆள். காற்றூதி, மின்கம்பி, கயிறு, வானம் ஆகியவற்றைப் பார்க்க இன்னோர் ஆள். மின்சாரம் போனால் வாசல் துணியைத் தூக்கிப் பிடித்துக் குழந்தைகளை வெளியே எடுக்க இருவரும். திருவிழா மைதானத்தில், ஐந்து நிமிடத்துக்கு இத்தனை ரூபாய் என்று டிக்கெட் கிழிக்கும்போது இந்த ஒழுங்கெல்லாம் காற்றில் பறப்பதைக் காணலாம். மைதானத்துக்குக் கொடுத்த வாடகையை இரண்டு இரவில் எடுத்தாக வேண்டுமே. தலைக்கணக்கு வைத்து வசூல் செய்யும் வரை கூட்டத்தைக் குறைக்க யாருக்கும் மனம் வராது. நாள் வாடகைக்கு விழாக் குழுவே எடுத்துக்கொண்டு குழந்தைகளை இலவசமாக விடுவது மேல்.

வாடிக்கையாளரோடு செய்துகொள்ளும் ஒப்பந்தத்திலும் காற்று இருக்க வேண்டும். காற்றால் நின்றுபோனால் முன்பணம் முழுவதையும் திருப்பித் தர வேண்டும் என்றால், நடத்துபவர் வானத்தைப் பார்த்துப் பொய் சொல்லத் தொடங்குவார். அரை மணி நேரம் ஓட்டிவிட்டால் காசு நிற்கும் என்ற ஆசை வரும். முன்பணத்தைத் திருப்பித் தருவதில்லை, வேறொரு தேதிக்கு மாற்றித் தருகிறோம், நிறுத்துவது பற்றி எங்கள் முடிவே முடிவு என்று பதிவு செய்யும் நாளிலேயே மலையாளத்தில் எழுதிக் கையெழுத்து வாங்கிவிடுவது இரு தரப்புக்கும் நல்லது. பிறந்தநாள் தேதி மாறாது என்று தந்தை வாதிடுவார். கோட்டையை மண்டபத்துக்குள் மாற்றித் தருகிறோம் என்று சொல்ல முடிந்தால் வாதம் அங்கேயே முடிந்துவிடும்.

மண்டபம்தான் விழிஞ்ஞத்தின் நாட்காட்டிச் சிக்கலுக்கும் விடை. கேரளத்தில் கல்யாண ஆடிட்டோரியம் இல்லாத ஊர் இல்லை. தேவாலய மண்டபங்கள், பள்ளிக் கூடங்கள், வாசகசாலைகள் வேறு. ஜூன் முதல் செப்டம்பர் வரை பணமும் மழையும் சேர்ந்து வரும்போது, உள்ளே விரிக்கக்கூடிய, கூரை இல்லாத, இரண்டரை மீட்டர் உயரத்துக்கு மேல் போகாத சிறிய கோட்டை ஒன்று இருந்தால் வருடத்தின் பாதி மீண்டும் கைக்கு வரும். காற்று பயமில்லை, வெயில் இல்லை, மணல் இல்லை. மின்விசிறிகளைப் பார்த்து இடம் தேர்ந்தெடுக்க வேண்டும், அவ்வளவுதான். கோபுரமும் டிராகன் தலையும் உள்ள பெரிய கோட்டைக்கு ஆசைப்பட்டு முதலை முடக்குபவர்கள், வருடத்தில் ஆறு மாதம் எலிக்கு விருந்து வைப்பவர்கள்.

1998இல் தொடங்கிய குடும்பஸ்ரீயின் பெண்கள் குழுக்கள் உணவகம் முதல் கட்டட வேலை வரை நடத்துகின்றன. பந்தல், பாத்திரம், சமையலோடு பலூன் கோட்டையும் சேர்ந்தால், ஒரே அழைப்பில் பிறந்தநாள் முழுவதும் முடிந்துவிடும். ஆண்டு வரவு ரூ. 20 லட்சத்தைத் தாண்டாத வரை ஜிஎஸ்டி பதிவும் அவசியப்படாது.

கடைசியில் குப்பை. பிவிசி துணியைக் கொளுத்தினால் எழுவது நச்சுப்புகை. கடற்கரையில் இரவில் யாருக்கும் தெரியாமல் கொளுத்துவது குற்றம் என்பது ஒருபுறம், வீசுவது ஊரார் மூக்கில். கேரளத்தில் வீடு வீடாகப் பிளாஸ்டிக் சேகரிக்கும் ஹரித கர்ம சேனை இருக்கிறது. ஆனால் அவர்களிடம் எண்பது கிலோவைக் கொண்டுபோய்ப் போடும் முன் விழிஞ்ஞத்தின் கரையைச் சுற்றிப் பார்க்கலாம். இஞ்சினை மூடவும், வலையை மூடவும், மீன் பெட்டி மேல் போர்த்தவும் கெட்டியான துணிக்கு அங்கே எப்போதும் தேவை இருக்கிறது. நல்ல பாகங்களை வெட்டித் தைத்துக் கொடுத்தால் கோட்டைச் சுவர் இன்னும் சில வருடம் மழை தாங்கும். காலில் டிராகனின் பல் தெரிந்தால்தான் என்ன?

அதற்கெல்லாம் முன், ஒரு சனிக்கிழமை பிற்பகல் இரண்டு மணிக்கு, பெட்டி ஆட்டோ வந்து நிற்கும். சுருட்டிய கோட்டையும் காற்றூதியும் ஏறினால் வண்டி நிறைந்துவிடும். ஆறு நீல டிரம்கள் வெளியே நிற்கும். இரண்டாவது நடைக்கு ரூ. 600. அதை யார் தருவது என்று விழா வீட்டுக்காரரோடு பேரம் அங்கே தொடங்கும்.